இகழப்பட்டது முறைமன்றமா, உழவனா?

(பெரும்பாக்கத்தில் தமிழன்பர்கள் கூட்டிய கூட்டத்தில் தமிழாசிரியர் ஒருவர் ஆற்றிய உரை)



பாக்கம் என்பது நெய்தல் நிலத்து ஊர்க்குப் பழந்தமிழர் இட்ட பெயர். அப்பாக்கங்களுள் பெரியது என்பதால் இவ்வூர் பெரும்பாக்கம் ஆயிற்று. ஏரியும் சதுப்பும் நாணலும் பறவையுமாக இருந்த நிலம் இது. இன்று இவ்வூரின் ஒருபால் செம்மொழித் தமிழாய்வுக்கென நடுவணரசு எழுப்பி 2022 சனவரி 12-இல் திறந்துவைத்த கட்டடம் நிற்கிறது. மற்றொருபால் கூவத்தின் கரையிலிருந்தும் அடையாற்றின் கரையிலிருந்தும் அகற்றப்பட்ட ஏழையர்க்காக இருபதாயிரத்திற்கும் மேற்பட்ட வீடுகள் அடுக்கடுக்காக நிற்கின்றன. தமிழைப் போற்றும் மாளிகையும், தமிழரை அடுக்கி வைத்த மாடங்களும் ஒரே ஊரில் உள்ளன. ஆதலின், நான் இன்று பேச எடுத்துக்கொண்ட பொருளுக்கு இதைவிடத் தக்க இடம் வேறில்லை.

பொருள் இதுதான். முறைமன்றம் ஓர் ஆணை இடுகிறது. இடப்பட்டவர் அதைச் செய்யவில்லை. பிறகு என்ன நடக்கிறது? யாருக்கு என்ன கிடைக்கிறது?

சொல்லிலேயே தொடங்குகிறது பிழை

நான் தமிழாசிரியன். வழக்கறிஞன் அல்லேன். ஆகவே சொல்லிலிருந்துதான் தொடங்குவேன்.

நாளிதழ்கள் எழுதும் தொடர் 'நீதிமன்ற அவமதிப்பு' என்பது. நீதி வடசொல். அதற்குப் பழந்தமிழில் முறை என்ற சொல் உண்டு. முறைசெய்தல், முறைவேண்டல் என்றே நம் முன்னோர் கூறினர். எனவே முறைமன்றம் என்கின்றேன். 'அவமதிப்பு' என்பதிலும் முன்னொட்டு வடமொழியினது. அதனை இகழ்ச்சி எனலாம். முறைமன்ற இகழ்ச்சி என்று எழுதிவிட்டால் சொல் தூய்மையாகிவிடும். ஆனால், அன்பர்களே, அவ்வளவில் என் மனம் அமையவில்லை. எழுத்தைத் தமிழாக்கினோம், கருத்து இன்னும் ஆங்கிலேயனுடையதாகவே இருக்கிறது!

ஆங்கிலநாட்டில் மன்றங்கள் அரசன் பெயரால் நடந்தன. மன்றத்தின் ஆணை என்பது அரசனின் ஆணை. அதனை மீறியவன் அரசனையே இகழ்ந்தவனாகக் கருதப்பட்டான். அக்கருத்தே கப்பலேறி இங்கு வந்தது. 1926-இல் ஒரு சட்டம், 1952-இல் ஒரு சட்டம், இப்பொழுது நடப்பிலிருக்கும் 1971-ஆம் ஆண்டுச் சட்டம் என மும்முறை இந்நாட்டில் அது சட்டமாயிற்று.

அக்கருத்தில் உள்ள குறையைப் பாருங்கள். ஓர் உழவனுக்கு நீர் விடுக என்று மன்றம் ஆணையிடுகிறது. நீர் விடப்படவில்லை. யாருக்குத் தீங்கு? உழவனுக்கு. ஆனால் 'மன்ற இகழ்ச்சி' என்று பெயரிட்ட அளவிலேயே தீங்குற்றவர் மாறிவிடுகிறார். இகழப்பட்டது மன்றம், புண்பட்டது மன்றம், எனவே ஆற்றப்பட வேண்டியதும் மன்றத்தின் புண்ணே என்றாகிவிடுகிறது. மீறியவன் தில்லிக்குச் சென்று கைகூப்பி நின்றால் மன்றத்தின் புண் ஆறிவிடும். உழவனின் வயல்?

சட்டம் என்ன சொல்கிறது?

1971-ஆம் ஆண்டுச் சட்டம் இகழ்ச்சியை இரண்டாகப் பகுக்கிறது. மன்றத்தைப் பழித்துப் பேசுதல், முறைவழங்கலுக்கு இடையூறு செய்தல் முதலியவை குற்றவியல் இகழ்ச்சி. மன்றத்தின் தீர்ப்பையோ ஆணையையோ வேண்டுமென்றே மீறுதலும், மன்றத்திற்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே தவறுதலும் உரிமையியல் இகழ்ச்சி. நாம் பேசுவது இந்த இரண்டாவதைப் பற்றியே. தமிழில் இதற்கு ஆணைமீறல் என்று பெயரிட்டிருந்தால் போதும், பொருள் விளங்கியிருக்கும்.

இதற்கு ஒறுப்பு யாது? மிகுதியாகப் போனால் ஆறு திங்கள் வெறுங்காவல்; அல்லது இரண்டாயிரம் உருபா தண்டம்; அல்லது இரண்டும். மன்றம் நிறைவடையுமாறு பொறுத்தல் வேண்டினால், அதனைத்தான் மன்னிப்பு என்கிறார்கள், ஒறுப்பு நீங்கவும் கூடும். நாட்டின் அரசியலமைப்புச் சட்டமும் 129-ஆம் உறுப்பால் உச்ச முறைமன்றத்திற்கும், 215-ஆம் உறுப்பால் உயர் முறைமன்றங்களுக்கும் இகழ்ச்சியை ஒறுக்கும் ஆற்றலைத் தந்திருக்கிறது. நாட்டிலுள்ள ஆட்சியமைப்புகள் அனைத்தும் உச்ச முறைமன்றத்திற்குத் துணைநின்று செயற்பட வேண்டும் என்று 144-ஆம் உறுப்பு கூறுகிறது. ஆக, ஆற்றலுக்குக் குறைவில்லை.

ஆனால் இரண்டு வேலிகள் உள்ளன. ஒன்று, 'வேண்டுமென்றே' என்னும் சொல். மீறியவன், "வேண்டுமென்று செய்யவில்லை, கோப்பு கிடைக்கவில்லை, மேலிடத்திலிருந்து விடை வரவில்லை, ஆணையின் பொருள் விளங்கவில்லை" என்று அச்சொல்லின் பின்னே ஒளிந்துகொள்ளலாம். மற்றொன்று, காலவரம்பு. மீறல் நிகழ்ந்த நாளிலிருந்து ஓராண்டிற்குள் வழக்குத் தொடங்க வேண்டும் என்கிறது 20-ஆம் பிரிவு.

இந்த ஓராண்டைப் பற்றி நான் நூலில் படித்து அறிந்தவனல்லேன். என்னோடு ஒரே பள்ளியில் பணியாற்றிய மூத்த தமிழாசிரியர் ஒருவர் பட்ட துன்பத்தால் அறிந்தேன். அவர்க்கு வரவேண்டிய ஊதிய உயர்வை அவர் சார்ந்த அலுவலகம் ஆண்டுக்கணக்கில் நிறுத்தி வைத்திருந்தது. வழக்குத் தொடுத்தார், வென்றார். பன்னிரண்டு கிழமைக்குள் கொடுத்துவிடுக என்று ஆணை பிறந்தது. அன்று மாலை எங்கட்கெல்லாம் இனிப்பு வாங்கித் தந்தார். பன்னிரண்டு கிழமை கழிந்தது. அலுவலகத்திற்குச் சென்று கேட்டார். "கோப்பு மேலே போயிருக்கிறது, ஐயா" என்றார்கள். அடுத்த திங்கள் கேட்டார். "கையொப்பத்திற்கு வைத்திருக்கிறோம், ஐயா" என்றார்கள். அவரோ பண்பாளர். அலுவலர்களைக் கூண்டில் நிறுத்த மனம் வரவில்லை. இவ்வாறே பதினான்கு திங்கள் ஓடின. இறுதியில் வழக்கறிஞரிடம் சென்றபோது, ஓராண்டு கடந்துவிட்டது என்றார் அவர். விண்ணப்பம் திருப்பப்பட்டது. மீண்டும் புதுவழக்கு, மீண்டும் ஆணை. அப்பணம் வந்த நாளில் அதைக் கையொப்பமிட்டு வாங்கியவர் அவர் துணைவியார். ஆசிரியர் அதற்கு முந்திய தையிலேயே மறைந்துவிட்டார்.

இங்கே யாரேனும் மன்றத்தை இகழ்ந்தார்களா? ஒருவரும் ஒரு கடுஞ்சொல்லும் சொல்லவில்லையே! "ஐயா, ஐயா" என்று அழைத்தே ஒரு மாந்தனின் வாழ்நாளைத் தின்றுவிட்டார்கள். இகழ்ச்சி என்ற சொல்லுக்குள் இது அடங்குகிறதா? அடங்கவில்லை. மீறல் என்ற சொல்லுக்குள் முழுவதும் அடங்குகிறது.

காவிரி: ஆணைகளின் வரலாறு

ஓர் ஆசிரியர்க்கு நேர்ந்ததே ஓர் இனத்திற்கு நேர்ந்தால் எப்படியிருக்கும்? காவிரியைப் பாருங்கள்.

காவிரி நடுவர் மன்றம் 1990 சூன் 2-இல் அமைக்கப்பட்டது. 1991 சூன் 25-இல் அது இடைக்கால ஆணை பிறப்பித்தது. ஆண்டுக்கு 205 ஆ.மி.க. (டி.எம்.சி.) நீர் மேட்டூரை வந்தடைய வேண்டும் என்றது. ஓர் ஆ.மி.க. என்பது நூறு கோடி கன அடி. அவ்வாணையின் மை உலர்வதற்குள், அதே ஆண்டு சூலையில், கருநாடக அரசு 'அவசரச் சட்டம்' ஒன்றைப் பிறப்பித்து அவ்வாணை தன்னைக் கட்டாது என்றது. அச்சட்டம் அரசியலமைப்பிற்கு முரணானது என 1991 நவம்பர் 22-இல் உச்ச முறைமன்றம் கருத்துரைத்தது. திசம்பரில் இடைக்கால ஆணை அரசிதழில் வந்தது. வந்தவுடன் என்ன நடந்தது? பெங்களூரில் தமிழர் தாக்கப்பட்டனர், வீடுகள் எரிக்கப்பட்டன, உயிர்கள் போயின, பல்லாயிரவர் கையில் கிடைத்ததை எடுத்துக்கொண்டு எல்லை தாண்டி ஓடிவந்தனர். தீர்ப்பில் வென்றவன் ஓடினான், அன்பர்களே! உலகில் எந்நாட்டில் இப்படி நடக்கும்?

அடுத்து 2002. மழை பொய்த்த ஆண்டு. அவ்வாண்டு செப்தம்பர் 8-இல் தலைமை அமைச்சரைத் தலைவராகக் கொண்ட காவிரி ஆற்று ஆணையம், நாளொன்றுக்கு 0.8 ஆ.மி.க. நீர் விடுமாறு கருநாடகத்திற்குக் கூறியது. பத்து நாள் கழித்து மதகுகள் அடைக்கப்பட்டன. தமிழ்நாட்டரசு இகழ்ச்சி வழக்குத் தொடுத்தது. அக்தோபர்த் தொடக்கத்தில் நீரை விடுக என்று உச்ச முறைமன்றம் ஆணையிட்டது. அன்றைய கருநாடக முதலமைச்சர் எசு.எம். கிருட்டிணா என்ன செய்தார்? பெங்களூரிலிருந்து மாண்டியாவை நோக்கி நடைச்செலவு புறப்பட்டார்! மன்றம் கடுமையாகக் கண்டித்த பின்னரே நீர் வந்தது. எவ்வகைக் கட்டுறுதியுமின்றிப் பொறுத்தல் வேண்டுவதாக அவர் மன்றத்தில் எழுதிக்கொடுத்தார். ஒறுப்பு ஏதுமின்றி அடங்கியது வழக்கு.

இங்கே ஒரு கேள்வி. அவர் யாரிடம் பொறுத்தல் வேண்டினார்? மன்றத்திடம். தஞ்சையிலே நாற்றங்கால் காய்ந்தவனிடம் வேண்டினாரா? நாகையிலே கடன் வாங்கி உழுதவனிடம் வேண்டினாரா? இல்லை. சட்டமும் அவ்வாறு வேண்டுமாறு சொல்லவில்லை. ஏனெனில், சட்டத்தின் கண்ணில் இகழப்பட்டவன் உழவன் அல்லன்.

நடுவர் மன்றத்தின் இறுதித் தீர்ப்பு 2007 பிப்ரவரி 5-இல் வந்தது. தமிழ்நாட்டிற்கு 419 ஆ.மி.க.; அதன்பொருட்டு எல்லையிலுள்ள பிலிகுண்டுலுவில் 192 ஆ.மி.க. வரவேண்டும். அத்தீர்ப்பை அரசிதழில் அச்சிடவே நடுவணரசுக்கு ஆறாண்டு பிடித்தது. 2013 பிப்ரவரி 19-இல்தான் அச்சாயிற்று. அரசிதழில் வெளிவந்த நடுவர் மன்றத் தீர்ப்பு உச்ச முறைமன்ற ஆணைக்கு நிகரான வலிமையுடையது என்பது மாநிலங்களிடை ஆற்றுநீர்ச் சட்டத்தின் நெறி. அச்சேறாதவரையில் அவ்வலிமை அதற்கில்லை. ஆகவே அச்சுக்கூடத்தின் வாயிலிலேயே ஆறாண்டு நின்றது காவிரி!

2016-இல் மீண்டும் வறட்சி. செப்தம்பர் 5-இல், நாளொன்றுக்கு நொடிக்கு 15,000 கன அடி வீதம் பத்து நாள் நீர் விடுக என்றது உச்ச முறைமன்றம். செப்தம்பர் 12-இல் அதனை 12,000 ஆகக் குறைத்தது. அன்றே பெங்களூரில் தமிழ்நாட்டுப் பேருந்துகள் பத்துப் பத்தாக எரிந்தன. செப்தம்பர் 20-இல் 6,000 கன அடி விடுமாறும், நான்கு கிழமைக்குள் மேலாண்மை வாரியம் அமைக்குமாறும் மன்றம் கூறியது. மூன்றாம் நாள் கருநாடகச் சட்டமன்றம் கூடியது. காவிரிநீர் குடிப்பதற்கு மட்டுமே எனத் தீர்மானம் இயற்றியது. ஓர் ஆணையை மீறுவதற்கு ஒரு சட்டமன்றமே கூடியதென்றால், 'வேண்டுமென்றே' என்ற சொல்லுக்கு அதனினும் மேலான சான்று வேண்டுமா? மன்றம் சினந்தது, இறுதி வாய்ப்பு என்றது. நடுவணரசோ, வாரியம் அமைக்குமாறு ஆணையிட மன்றத்திற்கு உரிமையில்லை என்று வழக்காடியது. அத்துடன் அதுவும் நின்றது.

2018 பிப்ரவரி 16-இல் உச்ச முறைமன்றம் தன் முடிந்த தீர்ப்பை வழங்கியது. எல்லையில் வரவேண்டிய 192 ஆ.மி.க. 177.25 ஆகக் குறைந்தது. குறைந்தாலும் பெறுவோம் என்று அமைந்தோம். தீர்ப்பைச் செயற்படுத்த ஆறு கிழமைக்குள் ஒரு திட்டம் வகுக்குமாறு நடுவணரசுக்கு மன்றம் கூறியது. மார்ச்சு 29-இல் ஆறு கிழமை முடிந்தது. திட்டம் வரவில்லை. அதற்கு மாறாக, 'ஸ்கீம்' என்ற சொல்லுக்குப் பொருள் என்ன என்று விளக்கம் கேட்டு மன்றத்திற்குப் போனது நடுவணரசு! கருநாடகத்தில் தேர்தல் வருவதைக் காட்டி மூன்று திங்கள் தவணையும் கேட்டது. நான் முப்பது ஆண்டாகப் பாடம் நடத்துகிறேன். வீட்டுப்பாடம் எழுதாத பையன், மணியடிக்கும் நேரத்தில் எழுந்து, "ஐயா, கட்டுரை என்றால் என்ன?" என்று கேட்பான். அதே சூழ்ச்சிதான்.

தமிழ்நாட்டரசு மார்ச்சு 31-இல் நடுவணரசின் மேல் இகழ்ச்சி வழக்குத் தொடுத்தது. தமிழகம் கொதித்தது. ஏப்பிரல் 5-இல் கடைகள் அடைக்கப்பட்டன. மே 12-இல் கருநாடகத் தேர்தல் முடிந்தது. மே 14-இல் வரைவுத் திட்டம் மன்றத்திற்கு வந்துவிட்டது! மே 18-இல் மன்றம் அதனை ஏற்றது. இகழ்ச்சி வழக்கும் அத்துடன் முடிந்தது. சூன் 1-இல் மேலாண்மை ஆணையம் அரசிதழில் ஏறியது. சொல்லின் பொருள் விளங்காமல் இருந்ததா? வாக்குப் பெட்டி பூட்டப்பட்ட இரண்டாம் நாளில் பொருள் எப்படி விளங்கியது?

அவ்வாண்டு சூலையில் மேட்டூர் நிரம்பியது உண்மை. மேற்குமலையில் பெய்த பெருமழையால் நிரம்பியது, ஆணையால் அன்று. வழக்கமாகச் சூன் 12-இல் திறக்க வேண்டிய மேட்டூர் அணை, 2012 முதல் 2019 வரை எட்டாண்டும் அந்நாளில் திறக்கப்படவில்லை. எட்டுக் குறுவைகள்! இகழ்ச்சி வழக்குகளின் கட்டுகளை அடுக்கினால் மன்றத்தின் கூரையைத் தொடும். அவற்றுள் ஒன்றேனும் ஒரு குறுவையைத் திருப்பித் தந்ததா?

பல் உண்டு, கடிப்பதில்லை

சட்டத்திற்குப் பல் இல்லையோ என்று ஐயுறுவீர்கள். உண்டு. இரண்டு எடுத்துக்காட்டுகள் தருவேன்.

உத்தரப்பிரதேச முதலமைச்சராக இருந்த கல்யாண் சிங்கு, அயோத்தியில் வழக்கிலிருந்த இடத்தில் நிலையான கட்டுமானம் எழாது என உச்ச முறைமன்றத்திற்கு உறுதி கொடுத்திருந்தார். 1992 சூலையில் அங்கே மேடை எழுந்தது. திசம்பர் 6-இல் பள்ளிவாசலே இடிக்கப்பட்டது. மேடை எழுந்ததற்காக 1994 அக்தோபர் 24-இல் மன்றம் அவரை ஒறுத்தது. எவ்வளவு? ஒரு நாள் காவல். இரண்டாயிரம் உருபா தண்டம். இடிப்பைப் பற்றிய இகழ்ச்சி வழக்கோ முப்பதாண்டு கிடந்தது. 2022 ஆகத்தில், அவர் இறந்த அடுத்த ஆண்டு, இனி இதில் ஒன்றுமில்லை என முடித்து வைக்கப்பட்டது.

மற்றொன்று 2006-இல் நடந்தது. காடுகளைக் காக்க நீலமலைக் கூடலூர்ப் பக்கத்திலிருந்து கோதவர்மன் திருமுல்பாடு என்பார் தொடுத்த பெருவழக்கில், மரமறுக்கும் ஆலைகளுக்கு இசைவு தரலாகாது என உச்ச முறைமன்றம் தடுத்திருந்தது. அதனை மீறி மராட்டியத்தில் இசைவு தரப்பட்டது. மன்றம் என்ன செய்தது? 'மராட்டிய அரசு மீறியது' என்று பொதுவாகப் பேசவில்லை. அமைச்சர் சுவரூப்சிங்கு நாயக்கையும் துறைச் செயலரையும் பெயர்சொல்லிச் சுட்டியது. இருவர்க்கும் ஒவ்வொரு திங்கள் சிறை என்றது. பொறுத்தல் வேண்டியும் ஏற்கவில்லை.

மரத்திற்கு ஒரு திங்கள் சிறை கிடைத்தது. தமிழ் உழவனின் நெல்லுக்கு ஒரு நாழிகையும் கிடைக்கவில்லை. இந்த வேற்றுமையை நெஞ்சில் நிறுத்துங்கள்.

நம் வீட்டையும் பார்ப்போம்

பிறரைச் சுட்டும் விரல் நம்மையும் சுட்டவேண்டும். இல்லையேல் அது நடுவுநிலை ஆகாது. என் நண்பரின் ஊதியத்தை நிறுத்தியவர் கன்னடர் அல்லர்; தமிழரே. தமிழ்நாட்டு அலுவலகங்களில் ஒரு வழக்கம் வேரூன்றியிருக்கிறது. ஆணை வந்தால் கிடப்பில் போடு, இகழ்ச்சி வழக்கு வந்தால் அன்று மேன்முறையீடு செய், அதுவும் தோற்றால், "ஆணைப்படி பரிசீலித்தோம், இயலாது என முடிவு செய்தோம்" என்று எழுதிவிடு. மன்றம் 'பரிசீலிக்க' என்றுதானே சொன்னது? பரிசீலித்தாயிற்று! அவ்வடசொல்லுக்குள் கொடுப்பதும் உண்டு, மறுப்பதும் உண்டு. ஆய்க என்று ஆணையிட்டால் ஆய்ந்தேன் என்பான். கொடுக்க என்று ஆணையிட்டாலன்றோ கொடுப்பான்!

இனி, இந்தப் பெரும்பாக்கத்தைப் பாருங்கள். ஏரியையும் ஆற்றையும் கவர்ந்தோரை அகற்றுமாறு உயர் முறைமன்றம் பலகால் ஆணையிட்டிருக்கிறது. ஏரிகளைக் காக்க 2007-இல் தமிழ்நாட்டிலே தனிச்சட்டமும் வந்தது. அவ்வாணைகள் நல்லவையே, ஏரியின்றி ஊரில்லை. ஆனால் அவை யார்மேல் பாய்ந்தன? 2015 திசம்பர் வெள்ளத்திற்குப் பின், ஆற்றங்கரைக் குடிசைகளின்மேல் விரைந்து பாய்ந்தன. பொறிகள் வந்தன, வண்டிகள் வந்தன, சட்டிபானையோடு மாந்தரும் இங்கு வந்திறங்கினர். வேலை செய்யும் இடம் பதினைந்து கல் தொலைவில். பள்ளியாண்டின் நடுவிலே பிள்ளைகள் வந்தார்கள். அப்படி வந்த ஒரு சிறுவன் என் வகுப்பில் கடைசி வரிசையில் அமர்ந்தான். பழைய பள்ளியின் நூல்களை வண்டியில் ஏற்ற இடமில்லை என்றான். அரையாண்டுத் தேர்வை எழுதாமலே வந்திருந்தான்.

அவன் வீட்டு மாடியில் ஏறி வடக்கே பார்த்தால் பள்ளிக்கரணைச் சதுப்புநிலம் தெரியும். 2022-இல் 1,247 எக்டேர் பரப்பு உலகப்புகழ் ஈரநிலங்களின் பட்டியலில் ஏறியது. பெருமைதான். ஆனால் ஒருகாலத்தில் அதனினும் பன்மடங்கு பரந்திருந்த சதுப்பு அது. மறைந்த பரப்பின்மேல் எழுந்தவை எல்லாம் குடிசைகளா? கண்ணாடி மாளிகைகளும் அடுக்ககங்களும் சாலைகளும் அல்லவா? அவற்றின் வாயிலில் பொறிகள் அவ்வளவு விரைவாக நின்றதை நான் பார்க்கவில்லை.

ஆணை எளியவனை எட்டும்போது வேங்கையாகப் பாய்கிறது. வலியவனை எட்டும்போது ஆமையாக உள்ளிழுத்துக்கொள்கிறது. இதுவே உண்மையான இகழ்ச்சி. மன்றத்தின் மதிப்பு மேடைப் பேச்சால் குறைவதில்லை. ஒரே ஆணை ஒருவன் வீட்டை இடிக்கவும் மற்றொருவன் மதிலைத் தொடாமலிருக்கவும் வல்லது என்று பத்து அகவைச் சிறுவன் கண்டுகொள்ளும்போது குறைகிறது.

முன்னோர் கண்ட முறை

நம் முன்னோர் முறையை எப்படிக் கண்டார்கள்? கண்ணகி வழக்குரைத்தபோது பாண்டியன் தன் அவையோரிடம் பொறுத்தல் வேண்டிவிட்டு அரியணையில் அமர்ந்திருக்கவில்லை. தீங்குற்றவள் எதிரே நின்றாள். அவள் முன்னிலையில் தன் பிழையைத் தானே சொல்லி உயிர்விட்டான். அவனுக்கு வழக்கின் நடு தன் அவையன்று, அவளே.

இங்கிருந்து தெற்கே உத்திரமேரூர் தொலைவில் இல்லை. முதற்பராந்தகன் காலத்துக் கல்வெட்டுகள், 919-ஆம் ஆண்டினதும் 921-ஆம் ஆண்டினதும், அங்கே கோயிற் சுவரில் இன்றும் உள்ளன. ஊர் வாரியத்திற்குக் குடவோலையால் ஆளெடுக்கும் நெறியை அவை கூறுகின்றன. வாரியஞ் செய்து கணக்குக் காட்டாதவன் பெயரை மட்டுமன்று, அவனுடைய நெருங்கிய உறவினர் பெயரையும் குடத்தில் இடலாகாது என்று வகுத்தார்கள். 'வாரியம் தவறியது' என்று பொதுவாக எழுதவில்லை. தவறியவன் யார் என்று கேட்டார்கள், அவனை விலக்கினார்கள். ஆயிரத்து நூறு ஆண்டுக்கு முன் ஒரு சிற்றூர் அறிந்த நெறி இது.

ஆணைக்கு எழுவாய் வேண்டும்

இலக்கணம் கற்பிப்பவன் என்ற முறையில் முடிவாகச் சில கூறுவேன். ஒரு தொடருக்கு எழுவாய் வேண்டும். 'நீர் திறந்துவிடப்பட வேண்டும்' என்பது செயப்பாட்டுவினைத் தொடர். யாரால் என்று அதில் இல்லை. எழுவாய் மறைந்த ஆணையில் பொறுப்பும் மறைந்துவிடும். ஆகவே நாம் கேட்க வேண்டியவை இவை.

முதலாவது, ஒவ்வோர் ஆணையிலும் யார் செய்ய வேண்டும், எதைச் செய்ய வேண்டும், யாருக்குச் செய்ய வேண்டும், எந்நாளுக்குள் செய்ய வேண்டும் என்ற நான்கும் தெளிவாக இருத்தல் வேண்டும். ஆளைப் பதவியோடு சுட்ட வேண்டும்.

இரண்டாவது, பொறுத்தல் வேண்டுவதால் மட்டும் வழக்கு முடிதல் கூடாது. மீறலால் இழந்தவனுக்கு அவ்விழப்பு ஈடு செய்யப்பட்ட பின்னரே வேண்டுகோளை மன்றம் ஏற்க வேண்டும். காய்ந்த பயிருக்கு ஈடும், கடந்த காலத்திற்கு வட்டியும் மீறியவன் தரட்டும்.

மூன்றாவது, தமிழ்நாட்டரசு பிறர்மேல் இகழ்ச்சி வழக்குத் தொடுக்கும் அதே கையால் தன் அலுவலகங்களில் உறங்கும் ஆணைகளையும் எடுத்து நிறைவேற்றட்டும். தன் குடிக்கு முறைசெய்யாத அரசின் குரல் தில்லியில் ஓங்கி ஒலிக்காது.

நான்காவது நமக்கு. உங்கள் வீட்டிலோ தெருவிலோ யாரேனும் மன்ற ஆணை பெற்று வைத்திருந்தால், இன்றிரவே அதனை எடுத்துப் பாருங்கள். கெடுநாள் எது என்று குறியுங்கள். அந்நாளிலிருந்து ஓராண்டு எண்ணுங்கள். "ஐயா, கோப்பு மேலே போயிருக்கிறது" என்ற இன்சொல்லுக்கு மயங்காதீர்கள். எழுத்தில் கேளுங்கள், எழுத்தில் விடை பெறுங்கள், ஓராண்டு முடியுமுன் மன்றத்தின் கதவைத் தட்டுங்கள். என் நண்பர் தட்டத் தயங்கினார். அத்தயக்கத்தின் விலை அவர் காணாமற்போன பணம்.

இக்கூட்டம் முடிந்து வீடு திரும்பும்போது, பாட்டிமார் மாடிப்படியில் குடத்தோடு நிற்பதைக் காண்பீர்கள். ஆற்றங்கரையிலிருந்து அகற்றப்பட்டவர்கள் நீருக்குக் காத்திருக்கிறார்கள். அங்கே காவிரிக் கடைமடையிலும் ஆணையைக் கையில் வைத்துக்கொண்டு நீருக்குக் காத்திருக்கிறார்கள். இருவரும் ஓரினம். இருவர்க்கும் வேண்டியது முறை. அதனை இரந்து பெற வேண்டியதில்லை. கேட்டுப் பெறுவோம், பெறும்வரை கேட்போம்.

வெல்க தமிழ்! வாழ்க தமிழர்!